ஓரியோனுக்கு ஓய்வு நாள்

பாரிஸின் லா ஷப்பல் பேரங்காடியில் 'ஓரியோன்' என்ற இயந்திர மனிதனைப் பார்க்க 1987இல் கூட்டம் அலைமோதியது. எதிர்காலம் நடந்து வருகிறது என்றது பலகை. உள்ளே புகுந்து நடப்பது யாழ்ப்பாணத்துப் பொன்னம்பலம் என்பது மேலாளர் ஜிஸ்லேனுக்கு மட்டும்தான் தெரியும்.

அவனுக்கு வேலை இருப்பதாக அவள் எழுதித் தரும் கடிதத்தைத் திங்கட்கிழமை பிரெபெக்தூரில், விசா கொடுக்கும் அரசு அலுவலகத்தில், காட்ட வேண்டும். இல்லாவிட்டால் விசா இல்லை. ஒரு நாள் வராவிட்டாலும் கடிதம் கிடையாது என்று சொல்லியிருந்தாள்.

வியாழக்கிழமை சரஸ்வதி பூசை. போன வருடம் பூசையன்று தொழிற்கருவியைத் தொட்ட கையோடுதான் அவனுடைய அகதி விண்ணப்பம் தள்ளுபடியானது. இம்முறை தொடுவதில்லை என்று முடிவுகட்டியிருந்தான்.

அறை நண்பன் ஸ்ரீஸ்கந்தராசா உணவகத்துக் கத்தியைக் கழுவிப் படத்தின் முன் வைத்தான்.

"அண்ணை, நீங்கள் என்னத்தை வைக்கப் போறியள்?"

"என்ர ஆயுதம் கடையிலை நிக்குது. நேற்றே பொட்டு வைச்சு, நாளைக்கு உனக்கு ஓய்வெண்டு சொல்லிப்போட்டு வந்தன்."

"அது ஓமெண்டதோ?"

பொன்னம்பலம் சிரித்தான். ஜிஸ்லேன் கேட்டால் காய்ச்சல் என்று சமாளிக்கலாம்.

வெள்ளிக்கிழமை காலை தயங்கித் தயங்கிப் போனான். ஜிஸ்லேன் கையைப் பிடித்துக் குலுக்கினாள்.

"நேற்றுப் போல நீங்கள் ஒருநாளும் ஆடியதில்லை, மிஸ்யே. இடைவேளைகூட எடுக்கவில்லை. கடிதம் பத்திரமா?"

"எந்தக் கடிதம்?"

"வேஷத்தைக் கழற்றும் முன்பே உங்கள் கையில் கொடுத்தேனே."

மேடைக்குப் பின்னால் ஓரியோன் நின்றது. வலது கை இறுக மூடியிருக்க, உலோக விரல்களுக்கிடையே வெள்ளைத் தாளின் ஓரம் தெரிந்தது. நெம்பிப் பார்த்தான். அசையவில்லை. உள்ளிருந்து கையுறைக்குள் கைவிட்டால்தான் திறக்கும்.

முதுகுக் கதவைத் திறந்து நுழைந்தான். உள்ளே ஆள் இப்போதுதான் இறங்கியதுபோல் இளஞ்சூடு. கையுறைக்குள் விரலை நீட்டியதும் கை சுலபமாக விரிந்தது. உள்ளங்கையில் கடிதம், அவன் பெயரோடு.

முதுகில் கதவு சாத்திக்கொண்டது.

அவன் நின்றான். ஓரியோனின் கால்கள் நடந்தன. மேடைத் திரை விலகியது. "நான் உள்ளுக்கை நிக்கிறன்" என்று கத்தினான். வெளியே தகரக் குரலில் "போன்ஜூர்" என்று கேட்டது. ஓரியோன் கடிதத்தைத் தலைக்கு மேலே தூக்கி ஆட்டியது. சனம் கைதட்டியது.

திங்கட்கிழமையும் ஆட்டம் இருந்தது. அன்றும் இடைவேளை இல்லை.