மூடாத வட்டம்

சமரச அறையில் அன்று இருந்தவர்கள் ஆறு பேர்: ஓய்வு பெற்ற நீதிபதி, என் வக்கீல், எதிர்த்தரப்பு வக்கீல், என் சாட்சியாக வந்த ரொட்டிக்கடைக்காரர், இறந்துபோன என் தம்பியின் மனைவி, நான். வேறு யாரும் இல்லை.

‘சரியான நேரம்’ அப்பா தொடங்கிய கடிகாரக் கடையின் பெயர். தம்பி போன மறுவருடம் அதே பெயரில் எதிர்வரிசையில் அவள் கடை திறந்தாள். அப்பாவிடம் வேலை கற்றுத் தேறியவன் நான் ஒருவன்தான், பெயர் எனக்கு மட்டுமே உரியது என்று வழக்குப் போட்டேன்.

“ரெண்டு கடையிலயும் மணி ஒண்ணுதானே காட்டுது, அப்புறம் என்னய்யா சண்டை?” என்றார் ரொட்டிக்கடைக்காரர்.

“கண்ணாடி துடைக்க வந்தவ, கடைப் பேரையே துடைச்சு எடுத்துக்கிட்டா,” என்றேன் அவளைக் காட்டி.

அப்பா பழுது பார்த்த கடிகாரத்தின் பின்மூடியில், உட்புறம், ஊசியால் ஒரு சின்ன வட்டம் கீறுவார். அது மயிரிழை அளவு மூடாமல் நிற்கும். ஒருவருக்கு வேலை கைவந்துவிட்டதென்று ஏற்றுக்கொண்டால், வட்டத்துக்குள் அவருக்கென ஒரு குறியைத் தாமே கீறித் தருவார். எனக்குப் பத்தொன்பது வயதில் ஒரு சாவி கீறினார். எண்ணெய் வாசனை, ஒன்றையொன்று முந்தும் நூறு டிக் டிக். அந்தப் பிற்பகல் இன்னும் என் காதில் இருக்கிறது. தம்பி வாடிக்கையாளரிடம் பேசுவதோடு சரி, அவனுக்குக் கீறவில்லை.

ரொட்டிக்கடைக்காரரின் கைக்கடிகாரம் அப்பா இறப்பதற்கு முன் கடைசியாகப் பழுது பார்த்தது. அப்போது நான் வெளியூர்க் கிளையில் இருந்தேன். அதன் வட்டம் வெறுமையாக இருக்கும், என்னைத் தவிர யாரையும் அவர் கடைசிவரை ஏற்கவில்லை என்று காட்டவே அதைக் கொண்டுவரச் சொல்லியிருந்தேன்.

நானே மூடியைத் திறந்தேன். வட்டம் நடுங்கியிருந்தது. ஆனாலும் மூடாமல் நின்றது. அதற்குள் ஓர் இலை.

“இது யாரோட குறி?” என்றார் நீதிபதி.

“என்னோடது,” என்றாள் அவள். “மாமாவுக்குக் கை நடுங்க ஆரம்பிச்ச வருஷம், எனக்குக் கீறினார்.”

“ஏம்மா எங்கிட்ட சொல்லல?” என்றேன்.

“நீங்க எப்ப கேட்டீங்க, அத்தான்? வர்றவங்ககிட்ட எல்லாம் கண்ணாடி துடைக்க வந்தவள்னு சொன்னீங்க. நானும் துடைச்சேன்.”

என் வக்கீல் முழங்கையால் என்னை இடித்தார். “வெறும் கீறல்னு சொல்லிடலாம் சார்.”

“எங்கப்பா கீறினது, வக்கீல் சார். வழக்கை வாபஸ் வாங்குங்க.”

கடிகாரத்தை அவளிடம் நீட்டினேன். ஒரே அழுத்தில் மூடினாள். அப்பா மூடும்போது வரும் அதே சத்தம்.

இப்போது தெருவின் இரு பக்கமும் அந்தப் பெயர் தொங்குகிறது. கண் மங்கிப்போய், எதையோ பார்த்து ஏமாந்து விட்டுக்கொடுத்தேன் என்று கடைத்தெருவில் பேசிக்கொள்கிறார்கள். தவறு. லென்ஸ் வைத்து இரண்டு முறை பார்த்தேன். அது அப்பாவின் கை.