குறுக்கு விசாரணையில் சொன்ன பதில்

இரும்பு உருகி வெள்ளையாகக் கொதித்தது. பெரியநாயக்கன்பாளையத்துக்கு இன்னும் விடியவில்லை. அந்த வார்ப்படப் பட்டறைக்குள் மட்டும் பட்டப்பகல். மாசாணமும் சாமுவேலும் இரும்புக் குழம்பு நிறைந்த லேடிலை ஆளுக்கொரு பக்கம் பிடித்துக்கொண்டு, மணல் அச்சுப் பெட்டிகளுக்கு நடுவே அடிமேல் அடி வைத்து நடந்தார்கள். கருகிய மணலின் நெடி தொண்டையை அறுத்தது. தெறித்த பொறி ஒன்று மாசாணத்தின் முன்கையில் விழுந்து பொசுக்கியது. அவர் கையை உதறவில்லை. உதறினால் சாமுவேலின் காலில் இரும்பு கொட்டும்.

நேற்றுச் சாயங்காலம் சென்னையிலிருந்து சங்கத்து வக்கீல் சாஜிதா பேகம் மாசாணத்துக்குப் போன் செய்திருந்தார். கேஸ் தோற்றுப்போயிருந்தது.

பழைய மேஸ்திரி வேலையை விட்டு நின்றதிலிருந்து அந்தத் தளத்தை நடத்தியது மாசாணம்தான். ஆள் பிரிப்பது, பெட்டி அடுக்குவது, உலையின் பதம் பார்ப்பது எல்லாம் அவர் பொறுப்பு. மேஸ்திரி என்ற பெயரும் அதற்குரிய சம்பளமும் மட்டும் முதலாளியின் சித்தப்பா வழிச் சொந்தமான தனபாலுக்குப் போயிற்று. காரணத்தை யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. ஆயுத பூஜையன்று முதலாளி வீட்டம்மா நீட்டும் ஆரத்தித் தட்டை மேஸ்திரிதான் வாங்கி உலைக்குக் காட்ட வேண்டும். மாசாணத்தின் கை அந்தத் தட்டில் படலாமா? இதைச் சொல்ல வாய் வேறு வேண்டுமாக்கும்!

சங்கம் வழக்குப் போட்டது. மேஸ்திரி வேலை மாசாணத்துக்கே என்று தொழிலாளர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நிர்வாகம் விடுமா? உயர் நீதிமன்றத்துக்குப் போனது. பதவி உயர்வு யாருக்கு என்பது நிர்வாகத்தின் முடிவு, அதில் கெட்ட நோக்கம் இருப்பது நிரூபணமானால்தான் தொழிலாளர் நீதிமன்றம் கைவைக்கலாம் என்றார் நீதிபதி. அதோடு நின்றிருந்தாலும் தேவலை. குறுக்கு விசாரணையில் மாசாணமே சொன்ன பதிலைக் கீழ்க் கோர்ட் கணக்கில் எடுக்கவில்லை என்று சொல்லி, தீர்ப்பை ரத்து செய்து, மறுபடியும் விசாரிக்கத் திருப்பி அனுப்பிவிட்டார்.

அந்தப் பதில்! நிர்வாகத்து வக்கீல் அன்றைக்கு இதமாகத்தான் கேட்டார். “தனபால் வேலை தெரிஞ்சவர்தானுங்களே?”

“நல்ல பையனுங்க. என்னையவிட நல்லாவே பாப்பாருங்க.”

அட பாவமே! ஒரு மனுசனை நாலு பேர் முன்னால் வேலை தெரியாதவன் என்று சொல்ல இந்த ஊர்க்காரனுக்கு வாய் வருமா? வயிறு காந்தும்போதும், சாப்பிட்டாச்சா என்று கேட்டால் ‘ஆச்சுங்க’ என்கிற ஜனம். சென்னையில் உட்கார்ந்திருக்கும் நீதிபதிக்கு அது எப்படித் தெரியும்? தட்டச்சில் ஏறியதுதான் அவருக்குச் சாட்சியம். மாசாணத்துக்குத் தன் நாக்கைப் பிடுங்கி உலையில் போடலாம்போல இருந்தது. ஓய்வுபெற இன்னும் இரண்டே வருசம். ஒரு நாளாவது மேஸ்திரியாக நின்றுவிட்டுப் போக முடியுமா?

டீ வேளையில் சின்ன முதலாளி மனோஜ்குமாரே தளத்துக்கு வந்தார். பின்னால் தனபால்.

“ஏனுங்க மாசாணம், கோர்ட்டு சொன்னது தெரியுமில்லீங்க?”

“தெரியுமுங்க.”

“இனி மறுக்கா விசாரணை, மறுக்கா அப்பீலு. உங்களுக்கு எதுக்குங்க இந்த அலைச்சல்? வாபஸ்னு ஒரு கையெழுத்துப் போட்டுக் குடுத்துப்போடுங்க. ரிட்டயர் ஆகறப்ப ஜம்முனு ஒரு விழா எடுத்துப்போடலாம்.”

“விழா கேக்கலீங்க. வேலைதானுங்க கேட்டேன்.”

முதலாளி சிரித்தார். “போனவாட்டி உங்க பக்கம் உங்களத் தவுர ஆருங்க வந்தாங்க? நீங்களும் தனபாலுக்கு சர்டிபிகேட் குடுத்துட்டு வந்தீங்க. இந்தவாட்டி மட்டும் ஆரு வந்து சாட்சி சொல்லப்போறாங்க?”

யாரும் நிமிரவில்லை. ஆளாளுக்கு டீ டம்ளரையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். சாமுவேலுக்கு வீட்டுக்கடன், இன்னொருத்தருக்கு மகள் படிப்பு. கேட்டைத் தாண்டி வெளியே போட்டால் என்ன செய்வார்கள்? மாசாணத்துக்கு அவர்கள்மேல் கோபம்கூட வரவில்லை. சரிங்க என்று சொல்ல அவர் வாய் பாதி திறந்துவிட்டது.

“நான் வாரேனுங்க.”

மணல் சலிக்கும் மயிலாத்தாள். முகமெல்லாம் கரி.

“வாங்க அம்மணி,” என்றார் முதலாளி. “வந்து, தனபாலுக்கு வேலை தெரியாதுன்னு பொய் சொல்லுவீங்களா?”

“பொய் எதுக்குங்க? தனபால் தம்பி நல்லவருதானுங்க. ஆனா மெட்டல் பதம் வந்துருச்சான்னு இன்னிக்குக் காலைலயும் மாசாணண்ணங்கிட்டத்தான் கேட்டாருங்க. நான் கண்ணுல பாத்தனுங்க. ஆரத்தித் தட்டு சமாசாரமும் பட்டறைக்கே தெரியுமுங்க. ஜட்ஜு ஐயா கேட்டாருன்னா, அதையும் சொல்லிப்போடறேனுங்க.”

தனபால் தரையைப் பார்த்தான்.

“உனக்கு வேலை வேணுமா, வேண்டாமா?” என்று மயிலாத்தாளிடம் திரும்பினார் முதலாளி.

அதுவரை இருந்த ‘ங்க’ எங்கே போயிற்றோ! எல்லாரும் நிமிர்ந்து பார்த்தார்கள். சாமுவேல் டம்ளரைக் கீழே வைத்தார்.

“அக்காகூட நானும் வாரேனுங்க.”

“நானுமுங்க,” என்றது உலைப்பக்கம் ஒரு குரல். “என்னையும் சேத்துக்கோங்க,” என்றது இன்னொன்று. பிறகு யார் யார் சொன்னார்கள் என்று பிரித்துக் கேட்க முடியவில்லை. முதலாளி ஒவ்வொரு முகமாகப் பார்த்துவிட்டு ஆபீஸ் பக்கம் நடந்தார். இதற்கு என்ன செய்வாரோ தெரியாது. விசாரணை எப்போது தொடங்குமோ, அதுவும் தெரியாது.

மாசாணம் வக்கீலுக்குப் போன் போட்டார்.

“அம்மா, சாட்சிக்கு எத்தன பேரக் கூட்டிட்டு வாரதுங்க?”

“ரெண்டு பேர் போதுமே, மாசாணம்.”

அவர் சுற்றிலும் பார்த்தார்.

“ரெண்டு பேருன்னா இங்க ஒத்துக்கமாட்டாங்களாட்ட இருக்குதுங்க.”