மின்னல் எடுத்த வகுப்பு

மாடிப்படியில் பியூனின் செருப்புச் சத்தம் கேட்டதும் பொருளியல் பேராசிரியர் கழிப்பறையிலிருந்து பாய்ந்து ஓடினார். ஐம்பதைத் தாண்டிய உடம்பு அப்படி ஓடக் கூடாதுதான். ஆனால் நின்றால் பியூன் டிரான்ஸ்ஃபர் ஆர்டரைக் கையில் திணித்துவிடுவார். அதை வாங்கிய நிமிடமே இந்தக் கல்லூரியிலிருந்து விடுவிக்கப்பட்டவர் ஆகிவிடுவார். அப்புறம் ராத்திரி முழுக்க பஸ்ஸில் குலுங்கி, எங்கோ மலையடிவாரத்துக் கல்லூரியில் போய் இறங்க வேண்டியதுதான். கல்லூரிக்கு எதிர்வாடையில் மனைவி பெயரில் அவர் நடத்தும் டியூஷன் சென்டர் ஈயடிக்கும்.

வக்கீலான மச்சினன் காலையிலேயே போனில் எச்சரித்திருந்தான்.

"மாமா, இன்னிக்கே ஸ்டே வாங்கிடலாம். ஆனா அதுக்குள்ள உங்களை ரிலீவ் பண்ணிட்டா ஜட்ஜ் கையை விரிச்சிடுவார்."

"லீவு போட்டுடட்டுமாடா?"

"போட்டா ஓடி ஒளிஞ்சிட்டார்னு அரசு வக்கீல் பிடிச்சுக்குவார். காலேஜ்லயே இருங்க. ஆனா யார் கையிலயும் கிடைக்காதீங்க."

இருந்துகொண்டே இல்லாமல் இருப்பது அவருக்குக் கைவந்த கலை. மாணவர்கள் அவருக்கு 'மின்னல்' என்று பெயர் வைத்ததே அதனால்தான். தொல்லை என்னவென்றால், அவர் ஒதுங்கும் இடமெல்லாம் பியூனுக்கு அத்துப்படி. கேன்டீன், ஆசிரியர் சங்க அலுவலகம், நூலகத்தில் ஃபேனுக்குக் கீழே இருக்கும் மூலை. தன் அறைப் பக்கம் அவர் காலையிலிருந்து தலைவைத்தும் பார்க்கவில்லை.

ஓடும்போதே பளிச்சென்று ஒரு யோசனை. தன்னை யாருமே தேடாத இடம் ஒன்று இங்கே இருக்கிறதே.

தன்னுடைய வகுப்பறை.

உள்ளே நுழைந்ததும் சளசளப்பு அடங்கியது.

"யார்ரா இவரு?" என்றான் முதல் பெஞ்சுப் பையன்.

"மின்னல்டா. போன வருஷம் ஒரு தடவை பார்த்திருக்கேன்."

வேறு வழியில்லை, சாக்பீஸை எடுத்தார். பணவீக்கம். முதலில் நாக்கு தந்தியடித்தது. பிறகு சூடு பிடித்தது. டியூஷனுக்கென்றே பொத்திவைத்திருந்த உதாரணங்களை எல்லாம் இலவசமாக அவிழ்த்துவிட்டார். பிள்ளைகள் மாய்ந்து மாய்ந்து எழுதினார்கள்.

கடைசி பெஞ்சில் கண்ணாடி போட்ட ஒரு பெண் மட்டும் எழுதாமல் அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஏம்மா, எழுந்திரு. விலைவாசி ஏறினா எல்லாருக்கும் நஷ்டம்தானா?"

"கடன் வாங்கினவங்களுக்கு லாபம் சார். அவங்க திருப்பிக் கொடுக்கிற பணத்துக்கு மதிப்பு குறைஞ்சிருக்குமே."

"பரவாயில்லையே. நீ வாத்தியார் வேலைக்கே போகலாம் போல."

அவள் லேசாகச் சிரித்துவிட்டு உட்கார்ந்தாள்.

சட்டைப் பையில் போன் அதிர்ந்தது. கரும்பலகைப் பக்கம் திரும்பிக் கிசுகிசுத்தார். "சொல்லுடா."

"ஸ்டே கிடைச்சாச்சு மாமா. நீங்க ஒரு நாள் வகுப்புக்கு வரலைன்னாலும் பசங்க படிப்பு பாழாயிடும்னு அடிச்சு விட்டேன். ஜட்ஜ் உருகிட்டார். ஒரே நிபந்தனை, இதுவரைக்கும் உங்களை ரிலீவ் பண்ணியிருக்கக் கூடாது."

"ஒருத்தனும் என் நிழலைக்கூடத் தொடலை."

போனை வைப்பதற்கும் பியூன் மூச்சிரைக்க வாசலில் வந்து நிற்பதற்கும் சரியாக இருந்தது.

"எங்கெல்லாம் சார் உங்களைத் தேடுறது? இங்க இருப்பீங்கன்னு கனவுலகூட நினைக்கலை."

பேராசிரியர் நிதானமாகக் கைகளைக் கட்டிக்கொண்டார். "ஆர்டரை வந்த வழியே எடுத்துட்டுப் போப்பா. கோர்ட்டு தடை போட்டாச்சு."

"ஆர்டரா?" பியூன் விழித்தார். "நீங்க கிடைக்கலைன்னு பிரின்சிபால் அதைக் காலையிலயே உங்க ரூம் கதவுல ஒட்டி, சாட்சிக் கையெழுத்தும் வாங்கி, உங்களை ரிலீவ் பண்ணிட்டாரே. நான் அலமாரி சாவிக்குத்தான் அலையறேன். புது மேடம் புத்தகம் வைக்கணுமாம்."

"எந்தப் புது மேடம்?"

பியூன் கடைசி பெஞ்சைப் பார்த்து வணக்கம் வைத்தார்.

கண்ணாடி போட்ட பெண் தயங்கித் தயங்கி எழுந்தாள்.

"உங்க இடத்துக்குக் காலையில ஜாயின் பண்ணிட்டேன் சார். இது என் முதல் வகுப்பு. நான் வர்றதுக்குள்ள நீங்க ஆரம்பிச்சிட்டீங்க, நடுவுல சொன்னா மரியாதையா இருக்காதேன்னு பின்வாசல் வழியா வந்து உட்கார்ந்துட்டேன்."