திருடன் பாறை

“டோர்மட் மாமா வந்தா மட்டும் திருடன் பாறைக்கு ஏம்மா வேற பேரு?”

ஆறு வயதில் ஐரிக் இப்படிக் கேட்டபோது டோர்மட் எதிரே உட்கார்ந்து தேநீர் குடித்துக்கொண்டிருந்தார். ஷோனக் மகளின் வாயில் ஓட்ஸ் ரொட்டியைத் திணித்தாள். டோர்மட் ஜன்னல் வழியே கடலைப் பார்த்தார்.

கேலிக் மொழி பேசும் அந்தத் தீவில் பெயரில்லாத கல்லே கிடையாது. போதகர் வழுக்கிய கல் உண்டு. ஒரு கிழவி பல்செட்டைத் தொலைத்த பள்ளமும் உண்டு. ஆள் மண்ணுக்குள் போனாலும் பெயர் போகாது. டோர்மட்டின் தாத்தா ஓர் ஆட்டைத் திருடி ஒளித்துவைத்தது திருடன் பாறையில். டோர்மட்டின் மனம் நோகக் கூடாதென்று, அவர் காதுபட மட்டும் ஊரே அதைக் கடல்நாய்ப் பாறை என்றது. வடக்கே உண்மையிலேயே ஒரு கடல்நாய்ப் பாறை இருந்ததை யாரும் பெரிதாக எண்ணவில்லை.

நான்கு வருடம் கழித்து ஒரு மார்ச் பிற்பகலில் ஷோனக்கின் கணவன் ருவரி தொலைபேசியில் கூப்பிட்டான். படகு உடைந்துவிட்டது, திருடன் பாறைமேல் நிற்கிறேன் என்றான். அதோடு இணைப்பு அறுந்தது. கடல் ஏறிக்கொண்டிருந்தது. ஒரு மணி நேரத்தில் பாறை மூழ்கிவிடும். துறையில் டோர்மட்டின் படகு மட்டுமே நின்றது.

ஷோனக் அவரிடம் ஓடிப்போய் மூச்சிரைக்கச் சொன்னாள். பழக்க தோஷம், அவரைக் கண்டதும் நாக்கில் வந்தது கடல்நாய்ப் பாறைதான். அவர் இயந்திரத்தை முடுக்கினார். படகு வடக்கே திரும்பியது.

 ஷோனக் ஆண்டவரே என்று முணுமுணுத்தபடி துறையின் நுனிவரை ஓடிக் கத்தினாள்.

“அண்ணா, அங்க இல்ல. திருடன் பாறை.”

சொல்லிவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள்.

“எங்க தாத்தா பாறையா? அதை முதல்லயே சொல்லக் கூடாதா, தாயி? அஞ்சு வயசுலயே எனக்குத் தெரியும். நீங்கல்லாம் கஷ்டப்பட்டு மறைக்கிறீங்களேன்னுதான் சும்மா இருந்தேன்.”

படகு தெற்கே பாய்ந்தது.

ஷோனக் ஜெபித்தாள். துறையின் படிகள் ஒவ்வொன்றாக நீரில் மறைந்தன. ஏழாவது படி நனைந்தபோது படகு வந்தது. ருவரி இடுப்புவரை நனைந்து, கம்பளிக்குள் நடுங்கிக்கொண்டிருந்தான். நன்றி சொல்ல வந்தவளை டோர்மட் கையமர்த்தினார்.

“அந்த ஆடு யாரு வீட்டு ஆடுன்னு தெரியுமில்ல?”

தெரியும். ருவரியின் தாத்தா வீட்டு ஆடு.

செப்டம்பரில் ஒரு காலை, ஆட்டுப்பட்டியைத் திறந்தபோது பால் மறந்த பெண் ஆட்டுக்குட்டி ஒன்று கூடுதலாக நின்றது. அதன் காதில் எந்த வீட்டுக் குறியும் இல்லை. ஈரப்புல்லில் வந்துபோன தடமும் இல்லை. ஷோனக் யாரையும் கேட்கவில்லை. கத்தரியை எடுத்துவந்து, அதன் காதில் தங்கள் வீட்டுக் குறியை வெட்டினாள்.