எண்ணெய் போட்டு ஒட்டிய குழாய்

வலியசாலைத் தெருவில் பிச்சுமணி ஐயரிடம் யோசனை கேட்காதவர்கள் நிறையப் பேர். யோசனை கிடைக்காதவர்கள்தான் யாருமில்லை. சர்க்கார் ஆபீசில் சூப்பரண்டு. எதற்கும் பதில் எழுதிப் பழகிய கை.

கொல்லைப்புறத்து பி.வி.சி. குழாய் விரிசல் விட்டு மூன்று நாளாகிறது. மூன்று நாளும் தெருமுனைக் குழாயிலிருந்து குடம் சுமந்தவள் அவர் மனைவி சூடாமணி. ஏற்கெனவே பிடித்துக்கொண்ட இடுப்பு. இன்னும் இரண்டு நாள் சுமந்தால் பாயோடு பாய்தான். அவருக்கென்ன, குளிக்க அண்டா நிறைந்திருந்தால் போதும்.

ஒட்டுகிற வேலையை அவரே எடுத்துக்கொண்டார். விரிசல் விட்ட இடத்தை அறுத்தெடுத்தார். இரண்டு முனைகளையும் சேர்க்கும் கப்ளிங் இறுக்கமாயிருந்தது. பருத்த கைக்கு வளையல் போட எண்ணெய் தடவுவதில்லையா? குழாய்க்கும் தேங்காயெண்ணெய் தடவி, மேலே பசை பூசிச் சொருகினார். வழுக்கிக்கொண்டு போயிற்று. வால்வைத் திறந்ததும் அப்படியே வழுக்கிக்கொண்டு வந்து அவரைப் பூணூல்வரை நனைத்தது.

பக்கத்து வீட்டில் குழாய் வேலை செய்துகொண்டிருந்த பூதலிங்கம் மதில்மேல் எட்டிப் பார்த்தான்.

"சாமி, எண்ணெ பட்டா பசை பிடிக்காதாக்கும். தொடச்சுக் காயவச்சு, உப்புத்தாள் போட்டுத் தேய்க்கணும். ஒட்டின பொறவு சாயங்காலம் வரைக்கும் தண்ணி விடப்பிடாது."

"நேக்குப் பாடம் சொல்ல வந்துட்டான்! உன் ஜோலியப் பாரு."

சூடாமணிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கெட்டிக்காரனுக்கு வாக்கப்பட்டால் இடுப்புவலிதான் கூலி!

மறுநாள் அவர் ஆபீசுக்குப் போனதும் குழாயடியில் உட்கார்ந்தாள். எண்ணெய் எடுக்க அவளுக்கா தெரியாது? சீயக்காய் போட்டுக் கழுவினாள். துடைத்தாள், காயவைத்தாள், உப்புத்தாளால் தேய்த்தாள். பசை பூசிச் சொருகிவிட்டுச் சாயங்காலம்வரை வால்வைத் தொடவில்லை. திறந்தபோது ஒரு சொட்டு ஒழுகவில்லை. அவளுக்கு அழுகையே வந்துவிட்டது.

ஐயர் வந்தார், பார்த்தார், நேரே மதிலருகே போய்ப் பக்கத்து வீட்டுக்காரியைக் கூப்பிட்டார்.

"பாத்தேளா கோமதியம்மா? நேத்து நான் ஒட்டினதாக்கும். பிடிக்க ஒரு நாள் வேணுமோன்னோ! அந்தப் பயலுக்கு என்ன தெரியும்?"

அவர் குளிக்கப் போய், தலைமுதல் கால்வரை சோப்பு போடும்வரை சூடாமணி காத்திருந்தாள். பிறகு வால்வை மூடினாள்.

"அடியே, தண்ணி நின்னுபோச்சே! கண்ணு எரியறதுடி!"

"குடம் வாசல்ல இருக்கு," என்றாள். "தெருமுனையிலாக்கும் குழாய்."