முகாம் வாசலில் எடுத்த படம்

பிரபாலினி இப்போது சுவிஸ் நாட்டின் ஃப்ரிபூர்க்கில் ஒரு முதியோர் இல்லத்தின் சலவைக் கூடத்தில் வேலை செய்கிறாள். எண்பதுகளில் இலங்கையில், ஈழப் போராளி இயக்கத்தின் முதல் வீடியோப் பிரிவில் கமெரா தூக்கியவள். அவள் எடுத்த ஒரு வீடியோப் படத்தை மட்டும் மேலிடம் அழிக்கச் சொன்னது. இயக்கம் பிடித்து வைத்திருந்த தங்கள் பெடியன்களை விடச் சொல்லி, இயக்க முகாம் வாசலில் தாய்மார் கத்திய படம் அது. அவள் அழிக்கவில்லை. நாட்டை விட்டு வரும்போது அந்த நாடாவைச் சேலைக்குள் சுற்றிக் கொண்டு வந்தாள்.

இவ்வருடம், போரில் இறந்தவர்களுக்கான நினைவு விழாவுக்காக அங்குள்ள தமிழ்ச் சங்கத் தலைவர் தவராஜா அதைக் கேட்டார்.

"ஒரு சொல்லும் வெட்டக்கூடாது, தம்பி."

"ஓம் அக்கா, அப்படியே போடுவம்."

மண்டபம் நிறைந்திருந்தது. திரையில் ஒரு தாய் மார்பில் அடித்துக்கொண்டு வாயைத் திறந்தாள். குரல் வரவில்லை. அதற்குப் பதில் எழுச்சிப் பாட்டு முழங்கியது. அதன் மேல் ஓர் ஆண்குரல்: "பிள்ளைகளைப் போருக்கு அனுப்பத் தாய்மார் திரண்ட நாள்."

பிரபாலினி எழுந்துபோய் ஒலிபெருக்கியின் வயரைப் பிடுங்கினாள்.

தவராஜா ஓடிவந்தார். "அக்கா, இருங்கோ. சனம் பாக்குது."

"பாக்கட்டும்! அந்த மனுசி என்ன கேட்டவ எண்டு தெரியுமோ? 'என்ர பிள்ளையை எங்க வைச்சிருக்கிறியள்?' அதுதான் கேட்டவ. ஆமியிட்டை இல்லை, எங்கட ஆக்களிட்டை!"

"இப்ப இதைக் கதைச்சால் எதிரிக்குத்தான் லாபம்."

"அந்தத் தாயும் எதிரியோ?"

பின்வரிசையில் யாரோ "துரோகி" என்றார்கள். இரண்டு தொண்டர்கள் அவளை வெளியே கொண்டுபோய் விட்டார்கள். மண்டபக் கதவு சாத்துமுன் பாட்டு மறுபடி தொடங்கிவிட்டது.

அடுத்த ஞாயிறு, முழுப் படத்தையும் வீட்டில் போடுகிறேன் என்று எல்லாருக்கும் சொன்னாள். வந்தது ஒருத்திதான். தவராஜாவின் மனைவி தர்மிகா.

தாயின் குரல் அந்தச் சின்ன அறைக்குள் வெடித்தது. படம் முடியும்வரை தர்மிகா இருந்து பார்த்தாள்.

"என்ர மனுசன் இதைக் கேட்டிட்டோ பாட்டுப் போட்டவர்?"

"ஓம். என்ர பக்கத்திலை இருந்துதான் கேட்டவர். கண்ணும் கலங்கினது."

தர்மிகா குளிர்க்கோட்டை மாட்டிக்கொண்டு போனாள்.

பிரபாலினி அன்றே படத்தைத் தன் பெயரோடு இணையத்தில் ஏற்றினாள். ஷ்லீரன், பாசல் என்று மற்றச் சுவிஸ் நகரங்களிலிருந்தும் தமிழாக்கள் போன் போட்டுத் திட்டினார்கள். ஒருவரையும் விடாமல் அவளும் திட்டினாள்.