வீட்டில் வேறு யாரும் இல்லை

அன்று வீட்டில் இருந்தவர்கள் மூன்று பேர்: நான், என் மனைவி, என் மருமகள். லேப்டாப் திரைக்குள் மருமகளின் டீம் லீடர் இருந்தார். அவரையும் சேர்த்தால் நான்கு. என் மகன் வெளியூரில் ஏதோ ஒரு செல்போன் கோபுரத்தின் அடியில் தன் வேலையில் இருந்தான். பேத்தி பள்ளிக்கூடத்தில் இருந்தாள். கூடவே நின்று பார்த்தவள் போலச் சொந்தக்காரர்களிடமெல்லாம் கதை சொல்லிக்கொண்டிருக்கும் என் தங்கை அங்கே இல்லை. அவள் வந்தது அதற்கடுத்த வாரம். ஆகையால் நடந்ததை நானே எழுதிவிடுகிறேன்.

மருமகளுக்கு ஒரு வங்கியின் வாடிக்கையாளர் அழைப்புகளுக்குப் பதில் சொல்லும் வேலை. முன்பெல்லாம் அலுவலகம் போய் வந்தாள். பிறகு நிறுவனம் அந்தக் கட்டடத்தைக் காலி செய்து, மேசை நாற்காலிகளை விற்றுவிட்டு, எல்லாரையும் அவரவர் வீட்டிலேயே உட்காரச் சொல்லிவிட்டது. கேட்டவர்களெல்லாம் கொடுத்துவைத்தவள் என்றார்கள். படுக்கையறையில் கட்டிலுக்கும் அலமாரிக்கும் நடுவே ஒரு சின்ன மேசையைப் போட்டுக்கொண்டாள். அட்டை தொலைந்தவர்கள், கணக்கு முடங்கியவர்கள், யார் மீதோ உள்ள கோபத்தை இவள் மீது கொட்டுகிறவர்கள், எல்லாரும் அந்த இடுக்குக்குள் வந்து விழுந்தார்கள். மகனுக்கு வேலை தொடர்ந்து இருப்பதில்லை. என் ஓய்வூதியம் மனைவியின் ஆஸ்பத்திரிக் கடனுக்குப் போனது. வாடகையும் மருந்தும் பேத்தியின் படிப்பும் மருமகளின் குரலில்தான் ஓடின. அவளுடைய சொந்தக் குரலும் அல்ல அது. சுவருக்கு அந்தப் பக்கமிருந்து வந்த அந்தக் குழைவை முதன்முதலில் கேட்டபோது, யாரோ விருந்தாளி வந்திருக்கிறாள் என்று நினைத்துச் சட்டையை மாட்டிக்கொண்டு வந்தேன்.

அழைப்பு வந்து அவள் கை உயர்ந்தால் வீடு அடங்கும். மிக்சி நிற்கும், மின்விசிறிகூட ஒரு புள்ளி குறையும். தும்மலைத் துண்டுக்குள் தும்ம நான் பழகினேன். பேத்தி சத்தமில்லாமல் உதட்டை மட்டும் அசைத்துப் பேசக் கற்றுக்கொண்டாள்; பள்ளியிலும் அப்படியே பேசப்போய், பிள்ளைக்குத் தொண்டையில் ஏதாவது கோளாறா என்று ஆசிரியை கேட்டனுப்பினார்.

அடங்காதது என் மனைவி மட்டும். பக்கவாதம் அவளுடைய வலக்கையையும் வலக்காலையும் எடுத்துக்கொண்டது. சொற்களையும் எடுத்துக்கொண்டு ஒன்றே ஒன்றை விட்டுவைத்தது. "வாங்க." பசித்தால் வாங்க. வலித்தால் வாங்க. படுக்கை நனைந்தாலும் வாங்க. சிலருக்கு அப்படி ஒரு சொல் தங்கிப்போகும் என்றார் மருத்துவர். தங்கியது இந்தச் சொல் என்பதில் எனக்குப் பெருமை உண்டு. எங்கள் வாசலில் வந்து நின்றவர் யாரும் அவள் வாயால் அதைக் கேட்காமல் உள்ளே வந்ததில்லை. இழுத்துச் சொன்னால் தண்ணீர், வெட்டிச் சொன்னால் வலி என்று ராகத்தை வைத்து நான் பொருள் பிரித்துக்கொள்வேன்.

அட்டை முடங்கிப்போன ஒருவரிடம் மருமகள் மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருந்தபோது கூடத்திலிருந்து அந்தச் சொல் போயிருக்கிறது. "எங்கம்மா வரச் சொல்றீங்க, பேங்க்குக்கா, உங்க வீட்டுக்கா?" என்றாராம் அவர். சாப்பிடும்போது மருமகள் அவரைப் போலவே பேசிக் காட்டினாள். எல்லாரும் சிரித்தோம். என் மனைவிக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறியது. ஆனால் அழைப்புகள் பதிவாகின்றன. பதிவைக் கேட்பதற்கென்றே ஆள் வைத்திருக்கிறார்கள். எச்சரிக்கை வந்தது. கூடவே, கேமரா வழியாக வீட்டைச் சோதிக்கப் போகிறோம் என்ற தகவலும் வந்தது.

மருமகள் என் முன்னால் வந்து நின்றாள்.

"மாமா, ஒண்ணு சொல்லணும். கோவிச்சுக்கக் கூடாது."

"சொல்லு."

"டியூட்டி நேரத்துல வீட்டுல வேற யாரும் இருக்க மாட்டாங்கன்னு சொல்லித்தான் வீட்டுலேருந்து வேலை பாக்குறேன். அடுத்தவங்க கணக்கு விவரம் வெளியாள் காதுல விழக் கூடாதாம்."

"நாங்க வெளியாளா?"

"வெளியாள்கூட இல்ல மாமா. அவங்களப் பொறுத்தவரைக்கும் நீங்க ரெண்டு பேரும் இல்லவே இல்ல." அவளுக்குக் கண் கலங்கியது. "இது போச்சுன்னா அத்தைக்கு மருந்து வாங்கக்கூட வழியில்ல. அதுக்காகத்தான் கேக்குறேன்."

நான் தொழிற்சாலை ஆய்வாளராக இருந்து ஓய்வு பெற்றவன். சோதனை என்றால் எனக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. நாங்கள் சொல்லாமல் போவோம். இவர்கள் சொல்லிவிட்டு, வராமலே வருகிறார்கள். வயது வராத பிள்ளைகளை வேலைக்கு வைத்த முதலாளிகள் அவர்களை எங்கே ஒளிப்பார்கள் என்று எனக்குத் தெரியும். உள்ளே நுழைந்ததும் கழிவறைக் கதவைத்தான் முதலில் தட்டுவேன். எத்தனையோ பிள்ளைகள் அங்கிருந்து கண்ணைக் கசக்கிக்கொண்டு வெளியே வந்திருக்கின்றன. சமையலறைக்குப் பக்கத்தில் ஒரு சாமான் அறை உண்டு. அதில் கால் வைக்க இடமில்லை. நாங்கள் இருப்பது மாடியில்; படி வழியாக என் மனைவியைத் தூக்கி இறக்கவும் முடியாது.

"எதிர் வீட்டுல கொஞ்ச நேரம் அத்தைய விட்டு வைக்கலாமா?" என்று கேட்டாள் மருமகள்.

"என் பொண்டாட்டி என்ன கேஸ் சிலிண்டரா, எதிர் வீட்டுல கொண்டுபோய் வைக்க?"

அதன் பிறகு மீதி இருந்தது குளியலறைதான்.

கூடத்தில் என் மனைவி படுத்திருந்த கட்டிலின் கம்பித் தடுப்பைக் கழற்றி அதன் மேல் பூப்போட்ட விரிப்பை விரித்தோம். மருந்துப் புட்டிகள் செருப்பு வாங்கிய அட்டைப்பெட்டிக்குள் போயின. நாற்றம் மட்டும் கேமராவுக்கு எட்டாது என்பது ஒரு நிம்மதி. குளியலறையில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு அவளை உட்கார வைத்தேன். குழாய் சொட்டுகிற இடத்தில் வாளிக்குள் ஒரு துணியைப் போட்டேன். குளிப்பாட்டப் போகிறேன் என்று நினைத்து அவள் இடக்கையால் பொத்தானைக் கழற்றத் தொடங்கினாள். மறுபடி போட்டுவிட்டு, கதவைச் சாத்திக்கொண்டு அவள் பக்கத்தில் நின்றேன்.

டீம் லீடரின் குரல் இளசாக இருந்தது. மரியாதை தெரிந்த பையன்தான். அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை.

"சாரி மேடம், உங்களத் தொந்தரவு பண்றேன். அப்படியே லேப்டாப்பத் தூக்கிச் சுத்திக் காட்டிடுங்க, முடிஞ்சுது."

மருமகள் நடப்பது கேட்டது. படுக்கையறை, சமையலறை, பிறகு கூடம்.

"அந்தக் கட்டில் யாருக்கு மேடம்?"

"விருந்தாளி வந்தா படுக்கறதுக்கு சார்."

என் மனைவி தலையை நிமிர்த்தினாள். கூடத்தில் புதிதாய் ஒரு ஆண் குரல். வீட்டுக்கு யாரோ வந்திருக்கிறார்கள், வீட்டுக்காரி இங்கே நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறாள். அவள் முகத்தில் வந்த பதற்றம் எனக்குப் புரிந்தது. நோய் வந்த நாளிலிருந்து தண்ணீராகவும் வலியாகவும் இருந்து வந்த அந்தச் சொல்லை, அன்றுதான் அதன் சொந்தப் பொருளில் சொன்னாள்.

"வாங்க."

நான் அவள் வாயைப் பொத்தினேன். உள்ளங்கையில் அவள் உதடுகள் அதையே திரும்பத் திரும்பச் சொன்னது தெரிந்தது. நான் கையை எடுக்கவில்லை.

"யாரு மேடம் அது?"

மருமகள் மூச்சு வாங்குவது கதவுக்கு இந்தப் பக்கம் கேட்டது.

"வேலைக்காரம்மா சார். பாத்ரூம் கழுவுறாங்க."

"டியூட்டி நேரத்துல அவங்களும் இருக்கக் கூடாதே மேடம்."

"இதோ, அனுப்பிடறேன் சார்." பிறகு, அந்தப் பையனுக்குக் கேட்க வேண்டும் என்று, வாசல் கதவைத் திறந்துகொண்டு உரக்கச் சொன்னாள்: "போதும்மா, நீங்க போயிட்டு நாளைக்கு வாங்க."

கதவு சாத்திய சத்தம் கேட்டது. என் உள்ளங்கையில் அசைவு நின்றுபோனது. என் மனைவிக்குப் பேச்சுதான் போனது, காது போகவில்லை. அறிவும் போகவில்லை. அவள் என்னைப் பார்த்தாள். நான் குழாயைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

வெகுநேரம் கழித்து மருமகள் வந்து கதவைத் திறந்தாள். நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"மாமா, அந்த நேரத்துல வாயில வேற எதுவும் வரல."

"வேலை?"

"இருக்கு."

"அப்ப வந்து அந்தப் பக்கம் பிடி. உங்க அத்தைக்குக் கால் மரத்துப் போச்சு."

இருவருமாகத் தூக்கிவந்து கட்டிலில் கிடத்தினோம். அன்று அவள் தண்ணீர் கேட்கவில்லை. படுக்கை நனைந்ததை நானாகத் தொட்டுப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன். மறுநாளும் அப்படியே. களைப்பு, சரியாகிவிடும் என்று மருமகளிடம் சொன்னேன். அவள் தலையை ஆட்டிவிட்டுப் போய் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டாள். பேத்தி பள்ளியிலிருந்து வந்து பாட்டியின் முகத்துக்கு நேரே குனிந்து, "வாங்க சொல்லுங்க பாட்டி, ஒரே ஒரு தடவ" என்று சத்தமில்லாமல் உதட்டை அசைத்துக் கெஞ்சிக்கொண்டிருந்தாள்.

அடுத்த வாரம் தங்கை வந்தாள். நுழையும்போதே அவள் குரல் முன்னால் வரும். "அண்ணி! எப்படி இருக்கீங்க?"

என் மனைவி என்னைப் பார்த்தாள். பிறகு இடக்கையை மெல்லத் தூக்கித் தன் வாயைத் தானே பொத்திக்கொண்டாள்.

"என்ன அண்ணி, புதுப் பொண்ணு மாதிரி வெக்கம்?" என்று சிரித்தாள் தங்கை. கை இறங்கவில்லை. சிரிப்பு நின்றது. "அண்ணா, என்ன இது?"

"டாக்டர் பேச வேண்டாம்னிருக்கார்."

"ஒரே ஒரு வார்த்தை இருந்துச்சு. அதையும் பேச வேண்டாம்னாரா?"

படுக்கையறை வாசலில் மருமகளின் கை உயர்ந்தது. அழைப்பு வந்திருந்தது. தங்கை அந்தக் கையையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"நீங்க ஜீப்ல வந்து இறங்குனா எத்தனை முதலாளி வேர்த்து விறுவிறுத்து நின்னான்!" என்று என் காதோரம் சொன்னாள். "இப்ப மருமக கையத் தூக்குனா மூச்ச அடக்கிக்கிட்டு நிக்கிறீங்க."

"உனக்குப் பஸ்சுக்கு நேரமாச்சு" என்றேன்.

அவள் போனபின் சாமான் அறையைக் காலி செய்வித்தேன். பழைய பாத்திரங்களையும் சைக்கிளையும் எடைக்குப் போட்டுவிட்டு, கட்டிலை உள்ளே கொண்டுபோனோம். எனக்கு ஒரு பாய் விரிக்க இடமிருக்கிறது. உயரத்தில் ஒரு ஜன்னல் உண்டு. கதவில் பழைய கம்பளி ஒன்றை ஆணியடித்துத் தொங்கவிட்டிருக்கிறோம். அடுத்த சோதனையில் கேமரா கூடத்தைச் சுற்றி வந்தது. அங்கே கட்டில் இல்லை, கேள்வியும் இல்லை.

இப்போது என் தங்கை, மருமகள் எங்கள் இருவரையும் வேலை நேரம் முழுக்க அறைக்குள் தள்ளி வெளியே பூட்டிவிடுகிறாள் என்று சொல்லி வருகிறாள். கல்யாண வீடு வரைக்கும் போய்விட்டது அந்தப் பேச்சு. அது பொய். அந்தக் கதவுக்கு வெளிப்பக்கம் பூட்டும் இல்லை, கொக்கியும் இல்லை. தாழ்ப்பாள் உள்பக்கம் இருக்கிறது. ஆளைக் கூப்பிட்டு வைத்தது நான். தினமும் அதைப் போடுவதும் நான்தான்.